இடுப்பு வலிக்கு ஓர் இலக்கம்

மருத்துவமனை என்றதும் மக்களின் மனக்கண்முன் முதலில் நிற்பவர் மருத்துவர். அடுத்து நிற்பவர் செவிலியர். அதற்கும் அடுத்தது மருந்து வாங்கும் சாளரத்தின்முன் நீளும் வரிசை. நோயாளி வீடு திரும்பிய பின்னர் அவருடைய கோப்பு எங்கே போகிறது என்று எண்ணிப் பார்ப்பவர் மிகச் சிலரே. அது நம்மிடம் வந்து சேர்கிறது. தலைநகரில் மைய அரசைச் சார்ந்த மருத்துவமனை ஒன்றின் பதிவேட்டுப் பிரிவில் நாம் எழுத்தராக அமர்ந்து இருபது ஆண்டுகள் ஆகிவிட்டன. வரலாற்றில் இளங்கலைப் பட்டம் பெற்ற நமக்கு, தேர்வெழுதிக் கிடைத்த அந்த மேசையில், பிறருடைய நோய்களுக்கு எண்ணிடுவதே தொழிலாக வாய்த்தது.

நோய்க்கு எண்ணா என்று நண்பர்கள் வியப்பதுண்டு. உலக சுகாதார நிறுவனம் வகுத்தளித்த பன்னாட்டு நோய் வகைப்பாட்டின் பத்தாம் திருத்தம் மூன்று தொகுதிகளாக நம் மேசைமீது இருக்கிறது. முதல் தொகுதி நோய்களின் வரிசைப் பட்டியல், இரண்டாவது விதிமுறைகள், மூன்றாவது அகரவரிசை. மருத்துவர் எழுதிய நோயின் பெயரை மூன்றாம் தொகுதியில் தேட வேண்டும்; அங்கே கிடைத்த குறியீட்டை முதல் தொகுதியில் சரிபார்க்க வேண்டும்; ஐயம் எழுந்தால் இரண்டாம் தொகுதியின் விதியைக் கேட்க வேண்டும். பிறகே கோப்பின் முகப்பில் எழுதலாம். ஓர் ஆங்கில எழுத்து, இரண்டு எண்கள், ஒரு புள்ளி, மீண்டும் ஓர் எண், அவ்வளவே. இன்ன நோயால் இத்தனை பேர் வந்தனர் என்று எண்ணிக் கூட்டுவதற்கும், ஊருக்கு ஊர், நாட்டுக்கு நாடு ஒப்பிட்டுப் பார்ப்பதற்கும் இந்த எண்ணே அடிப்படை. மருத்துவரின் கையெழுத்து எத்துணைக் கிறுக்கலாயினும் எண்ணுக்கு மொழியும் இல்லை, எல்லையும் இல்லை.

எலும்பியல் பிரிவிலிருந்து வரும் கோப்புகளில் நம் பேனா ஓயாமல் எழுதிய எண் ஒன்று உண்டு. அது எம் 54.5. பொருள், கீழ் முதுகு வலி. தமிழில் இடுப்பு வலி என்றால் பிள்ளைப்பேற்று வலி என்றும் பொருள் கொள்ள இடமிருப்பதால் நூல்களில் கீழ் முதுகு வலி என்று எழுதுகிறார்கள். ஆனால் வீட்டில் எவரும் அப்படிச் சொல்லி நாம் கேட்டதில்லை. வடநாட்டார் கமர் தர்த் என்பர். நம்மவர் இடுப்புப் பிடிப்பு என்பர். பெயர் எதுவாயினும் குனிந்தவர் நிமிர முடியாமல் ஒரு கணம் அப்படியே நிற்கும் அந்த நிலை எல்லா மொழியினர்க்கும் பொது.

வரலாறு படித்த பழக்கத்தால் இப்பட்டியலின் பிறப்பையும் தேடிப் படித்தோம். இது சாவை எண்ணுவதற்குப் பிறந்த பட்டியல். இலண்டன் மாநகரின் இறப்புக் கணக்குகளை ஆராய்ந்து ஜான் கிராண்ட் என்னும் வணிகர் 1662-இல் நூல் வெளியிட்டார். பாரிசு நகரப் புள்ளியியல் துறைத் தலைவராயிருந்த ஜாக் பெர்தியோன் இறப்புக் காரணங்களை வகைப்படுத்தி 1893-இல் சிகாகோவில் கூடிய பன்னாட்டுப் புள்ளியியல் கழகத்தின்முன் வைத்தார். அதன் வழிவழித் திருத்தங்களே பின்னர் உலகெங்கும் பரவின. இறந்தோரை மட்டுமே எண்ணிக்கொண்டிருந்தவரை இடுப்பு வலியை எவர் பொருட்படுத்துவர்? அதனால் எவரும் இறப்பதில்லையே! 1948-இல் உலக சுகாதார நிறுவனத்தின் பொறுப்பில் வந்த ஆறாம் திருத்தத்தில்தான் உயிரோடிருந்து துன்புறுவோரின் நோய்களும் இப்பட்டியலுக்குள் முறையாக இடம்பெற்றன. பத்தாம் திருத்தம் 1990-இல் ஏற்கப்பட்டது. சாவுக்கணக்கு நோய்க்கணக்காக விரிந்த இந்த மாற்றத்தை மானுடத்தின் பெரிய முன்னேற்றங்களுள் ஒன்றாகவே நாம் கருதுகிறோம்.

இனி, இடுப்பு வலி என்று வருபவர் எல்லோர்க்கும் எம் 54.5 என்று எழுதிவிட முடியாது. அந்தக் கிளைகளைப் பிரித்தறிவதே இத்தொழிலின் நுட்பம். வலி இடுப்பிலிருந்து காலுக்கு இறங்கிச் சயாட்டிகாவுடன் கூடியதானால் எம் 54.4. முதுகெலும்புகளுக்கு இடையிலுள்ள டிஸ்க் பிதுங்கியதே காரணமென்றால் எம் 51-இன் கீழ் வரும். தண்டுவடக் கால்வாய் குறுகியிருந்தால் எம் 48.0. இளம் வயதிலேயே முதுகெலும்பை இறுகச் செய்யும் அழற்சி நோய் எம் 45. பளு தூக்கிச் சுளுக்கியதானால் அது காயங்களின் அத்தியாயத்தில் எஸ் 33.5. சிறுநீரகக் கல்லின் வலி வேறு அத்தியாயம். முதுகெலும்பில் காசநோய் என்றால் ஏ 18.0 என்று ஒன்றும் எம் 49.0 என்று மற்றொன்றுமாக இரண்டு குறியீடுகள். இவற்றுள் எக்காரணமும் எழுதப்படாதபோதுதான் எம் 54.5. பட்டியலிலேயே அதன்கீழ், வேறு வகையாகக் குறிப்பிடப்படாதது என்ற சொற்றொடர் காணப்படும்.

பணியில் சேர்ந்த புதிதில் நாம் ஒரு பிழை செய்தோம். பீகாரிலிருந்து கட்டட வேலைக்கு வந்த ஒருவருடைய கோப்பு அது. முகப்பில் கீழ் முதுகு வலி என்று எழுதியிருந்தது. நாமும் எம் 54.5 என்று எழுதி ஒதுக்கிவிட்டோம். அருகிலிருந்த மூத்தவர் வங்காளத்தார். பிரிவில் அனைவர்க்கும் அவர் தாதா. அவர் அக்கோப்பை எடுத்து, ஒரு சொல்லும் பேசாமல், உள்ளே பத்துப் பதினைந்து தாள்களைப் புரட்டி ஒரு தாளைக் காட்டினார். அதில் முதுகெலும்புக் காசநோய் என்று உறுதி செய்து மருந்து தொடங்கியிருந்தார்கள். “முதல் தாளில் இருப்பது நோயாளி சொன்னது, உள்தாளில் இருப்பது மருத்துவர் கண்டது. இரண்டையும் படித்துவிட்டு எழுது, தம்பி” என்று தம் மொழி கலந்த இந்தியில் சொன்னார். முகப்பில் அறிகுறி மட்டும் இருந்து, அதற்குரிய நோய் கோப்பினுள் எழுதப்பட்டு, அதற்கே மருத்துவமும் நடந்திருந்தால், நோயைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பது இரண்டாம் தொகுதியின் விதி. நாம் அலட்சியமாக எழுதிய எண் நின்றிருந்தால், அவ்வாண்டுக் காசநோய்க் கணக்கில் ஒரு மனிதர் காணாமற் போயிருப்பார்.

தாதா மேலும் ஒன்று சொன்னார். மருத்துவர் எழுதியதற்கு மேல் ஓர் எழுத்தும் நாமாகச் சேர்க்கக் கூடாது. எழுதியதில் ஓர் எழுத்தும் குறைக்கக் கூடாது. அதுவே எழுத்தரின் அறம் என்றார். முன்னதை நாம் நன்றாகக் கற்றுக்கொண்டோம். பின்னதைக் கற்க நமக்கு இருபது ஆண்டுகள் ஆயின.

அந்தப் பிழைக்குப் பிறகு எந்தக் கோப்பையும் கடைசித் தாள்வரை புரட்டாமல் நாம் விட்டதில்லை. காரணம் கண்டெழுதும்போது ஒரு பெருமிதம். காரணம் எதுவும் கிடைக்காமல் எம் 54.5 என்று எழுத நேரும்போது ஒரு சலிப்பு. நாளடைவில் அந்த எண் நம் கண்ணுக்கு இளைத்துப் போயிற்று. பிரிவில் அதற்குக் குப்பைக்கூடை என்று பெயரிட்டவரும் நாமே. ஒன்றும் இல்லாதவர்களைப் போடும் இடம் என்று கருதினோம். அந்தக் கருத்து அலுவலகத்தோடு நிற்கவில்லை. மாலையில் நம்முடனேயே வீட்டுக்கும் வந்தது.

நம் குடியிருப்பு மூன்றாம் மாடியில். மின்தூக்கி கிடையாது. கோடையில் மேலே தண்ணீர் ஏறாத நாட்களில் விடியுமுன் கீழே குழாயடியில் பிடித்துச் சுமந்து வர வேண்டும். நம் அன்னையார் 2017-இல் குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்து படுக்கையானார்; 2019-இல் மறைந்தார். அந்த இரண்டு ஆண்டுகளும் அவரைத் தூக்கி அமர்த்தி, புரட்டிப் படுக்கவைத்து, துடைத்து, உணவூட்டி, குழந்தையைப் போல் காத்தவர் நம் துணைவியார். நாம் அலுவலகத்தில் இருந்தோம், நோய்களுக்கு எண்ணிட்டுக்கொண்டிருந்தோம். அன்னையார் மறைந்தபின் ஊரிலிருந்து வந்த உறவினர் அனைவரும் நம்மைத்தான் நல்ல மகன் என்று பாராட்டினர். நாமும் அதை மறுக்காமல் கேட்டுக்கொண்டோம்.

அதற்குப் பின்னர் துணைவியார் அவ்வப்போது, “என்னங்க, இடுப்பு விட்டுப் போகுது” என்பார். நாம் தைலம் தேய்த்துக்கொள்ளச் சொல்வோம். மேலும் சொன்னால் வெந்நீர் ஒத்தடம். பின்னும் சொன்னபோது கடையில் ஒரு பெல்ட் வாங்கி வந்து கட்டிக்கொள்ளச் சொன்னோம். கடமை முடிந்தது என்றே எண்ணினோம். 2023-இல் பொங்கல் கழிந்து ஒரு நாள் காலை அவரால் பாயிலிருந்து எழ இயலவில்லை. அன்றுதான் மருத்துவரிடம் அழைத்துச் சென்றோம். எக்ஸ்-ரே எடுத்தார்கள், பின்னர் ஸ்கேனும் எடுத்தார்கள். வயதுக்கேற்ற சிறு தேய்மானம் அன்றி வேறொன்றுமில்லை என்று முடிவு வந்தது. மருத்துவர் வெளிநோயாளர் சீட்டில் கீழ் முதுகு வலி என்று எழுதி, மாத்திரையும் எழுதினார்.

சீட்டைக் கையில் வாங்கியதும் நம் தொழிற்பழக்கம் முந்திக்கொண்டது. “எம் 54.5” என்று உரக்கச் சொல்லிச் சிரித்தோம். அதற்கு என்ன அர்த்தம் என்று துணைவியார் கேட்டார். “ஒன்றுமில்லை என்று அர்த்தம்” என்றோம். மருத்துவமனைத் தாழ்வாரத்தில் அவர் சற்று நின்றார். “ஒன்றுமில்லைன்னா, வலிக்குதே, அது யாருக்கு வலிக்குது?” என்று கேட்டார். கேட்ட குரலில் சினம் இல்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்புபவர் கேட்பது போலிருந்தது. நாம் விடை சொல்லவில்லை. ஆட்டோ வந்துவிட்டது.

அதன்பின் அவர் வலியைப் பற்றிப் பேசியதே இல்லை. குணமாகிவிட்டது போலும் என்று நாம் நம்பினோம். அவ்வாறு நம்புவது நமக்கு வசதியாகவும் இருந்தது. சில மாற்றங்கள் கண்ணில் பட்டன, கருத்தில் படவில்லை. அடுப்படியில் முக்காலி ஒன்று புதிதாக வந்திருந்தது. மாடிப்படி ஏறும்போது ஒவ்வொரு தளத்திலும் நின்று அண்டை வீட்டாருடன் ஓரிரு சொல் பேசிவிட்டு ஏறுவார்; பழகும் குணம் என்று எண்ணினோம். நீர்க்குடம் சிறியதாகி, நடைகளின் எண்ணிக்கை கூடியிருந்தது.

அவ்வாண்டு டிசம்பர் 31 அன்று அடுப்படிச் சுவரிலிருந்த பழைய காலண்டரைக் கழற்றிப் புதியதை மாட்டும் வேலை நமக்கு வந்தது. ஊரிலிருந்து ஆண்டுதோறும் வரும் தமிழ்க் காலண்டர் அது. பால் வராத நாளில் பெருக்கல் குறி இடுவது நம் வீட்டு வழக்கம். பழைய தாள்களைப் புரட்டியபோது தேதிகளின் மூலையில் பெருக்கல் குறியல்லாத வேறு குறிகளையும் கண்டோம். பென்சிலால் இட்ட சிறு புள்ளி. சில நாட்களில் கோடு. சில நாட்களில் வட்டம். என்ன கணக்கு இது என்று கேட்டோம். துணைவியார் முதலில் சொல்ல மறுத்தார். பின்னர், “புள்ளின்னா வலிச்சுது, வேலை பார்த்தேன். கோடுன்னா நடுவுல படுத்தேன். வட்டம்னா காலையில எந்திரிக்கவே முடியல. நீங்க ஆபீசுல போடுறீங்களே, அது மாதிரிதான்” என்றார்.

காலண்டரைத் தரையில் விரித்து வைத்துக்கொண்டு எண்ணினோம். எண்ணுவதுதானே நம் தொழில்! பிப்ரவரி முதல் டிசம்பர்வரை 176 குறிகள். அவற்றுள் வட்டங்கள் 31. அந்த 31 காலைகளிலும் நமக்குக் காப்பி கிடைத்திருக்கிறது. சிற்றுண்டிப் பெட்டி நிறைந்திருக்கிறது. எப்படி என்று கேட்கும் துணிவு நமக்கு வரவில்லை. இருபது ஆண்டுகளாக நாட்டின் நோய்க்கணக்கை எழுதிவந்த எழுத்தரின் வீட்டில், எழுதப்படாத கோப்பு ஒன்று சுவரிலேயே தொங்கிக்கொண்டிருந்தது. குறிகளை வகுத்தவரும் அவரே, விதிகளை வகுத்தவரும் அவரே. ஒரு நாளும் கூட்டி எழுதவில்லை. ஒரு நாளும் குறைத்தும் எழுதவில்லை.

புத்தாண்டு பிறந்த வாரமே அந்தக் காலண்டருடன் மருத்துவரிடம் சென்றோம். காகிதத்தைப் பார்த்துச் சிரித்துவிடுவாரோ என்று அஞ்சினோம். அவர் ஒவ்வொரு தாளாகப் படித்தார். காய்ச்சல் உண்டா, உடல் இளைத்ததா, இரவில் வலி எழுப்புகிறதா, கால் மரத்துப் போகிறதா, சிறுநீர் கழிப்பதில் மாற்றம் உண்டா என்று நிறுத்தி நிறுத்திக் கேட்டார். இவற்றுள் ஒன்று இருந்தாலும் உடனே வேறு காரணம் தேட வேண்டும் என்றும், துணைவியாருக்கு அவை எதுவும் இல்லை என்றும் விளக்கினார். பிறகு, “காரணம் தெரியவில்லை என்பது வேறு, வலி இல்லை என்பது வேறு” என்று நம்மைப் பார்த்துச் சொன்னார். பெல்ட்டை விடச் சொன்னார். அஞ்சிப் படுத்துக் கிடக்காமல் இயன்ற அளவு நடமாடச் சொன்னார். இயன்முறை மருத்துவரிடம் பயிற்சிக்கு அனுப்பினார். தண்ணீர்க் குடத்தை யார் தூக்குவது என்று கேட்டார். அதற்கு விடை நம்மிடம் இருந்து வர வேண்டும் என்று எதிர்பார்த்தது போலிருந்தது. அன்று முதல் நாம் தூக்குகிறோம்.

அதன்பின்னரே, நாம் இளைத்த எண் என்று ஒதுக்கியதைக் குறித்து உலகம் என்ன சொல்கிறது என்று தேடிப் படித்தோம். உலகில் மனிதரைச் செயலிழக்கச் செய்யும் காரணங்களுள் கீழ் முதுகு வலியே முதலிடத்தில் நிற்கிறது. 2020-இல் 61.9 கோடி மக்கள் இவ்வலியோடு வாழ்ந்தனர் என்றும், 2050-இல் அது 84.3 கோடியாகும் என்றும் 2023-இல் வெளியான உலகளாவிய ஆய்வு மதிப்பிடுகிறது. அவர்களுள் பத்தில் ஒன்பது பேருக்கு இன்ன காரணம் என்று சுட்ட இயலாது என்கிறது உலக சுகாதார நிறுவனம். ஸ்கேன் படத்தில் தெரியும் தேய்மானமோ வலியே இல்லாதவர்க்கும் உண்டு. 2015-இல் வெளியான ஓர் ஆய்வுத் தொகுப்பு, வலியற்ற இருபது வயதினரில் நூற்றுக்கு 37 பேருக்கும் எண்பது வயதினரில் நூற்றுக்கு 96 பேருக்கும் டிஸ்க் தேய்மானம் தென்பட்டதைக் கூறுகிறது. ஆகவே படம் ஒன்றைச் சொல்லும். உடம்பு மற்றொன்றைச் சொல்லும். நாட்பட்ட இடுப்பு வலிக்கென உலக சுகாதார நிறுவனம் 2023 டிசம்பரில் வெளியிட்ட நெறிமுறைகள் பயிற்சியையும் நோயாளிக்கு விளக்கிச் சொல்வதையும் பரிந்துரைக்கின்றன. இடுப்புப் பெல்ட்டைப் பரிந்துரைக்கவில்லை. நாம் வாங்கித் தந்தது அந்தப் பெல்ட்டைத்தான்!

பட்டியலை வகுப்போரும் இவ்வலியோடு மல்லாடுவது தெரிந்தது. அமெரிக்க நாட்டினர் தங்கள் பதிப்பில் 2021 அக்டோபர் முதல் எம் 54.5-ஐ மூன்றாகப் பிரித்திருக்கின்றனர். அப்போதும், குறிப்பிடப்படாதது என்ற ஒரு பிரிவை விட முடியவில்லை. 2022-இல் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தத்தில் கீழ் முதுகு வலியை எலும்பு நோய்களின் அத்தியாயத்திலிருந்து எடுத்து அறிகுறிகளின் அத்தியாயத்தில் வைத்துவிட்டனர். அதே திருத்தத்தில் மூன்று மாதங்களுக்கு மேல் நீடிக்கும் நாட்பட்ட வலிக்குத் தனிக் குறியீடு ஒன்றையும் அளித்திருக்கின்றனர். காரணம் தெரியாவிடினும் வலி தானே ஒரு நோயாக எண்ணப்படலாம் என்பது இதன் பொருள். தாழ்வாரத்தில் துணைவியார் கேட்ட கேள்விக்கு உலகப் பேரறிஞர்கள் கூடி விடை எழுதி வைத்திருந்தனர். அந்த விடை நமக்குத்தான் தெரியவில்லை.

இப்போது கோப்புகளில் எம் 54.5 என்று எழுத நேரும்போது நமக்குச் சலிப்பு எழுவதில்லை. உள்தாள்களை முன்போலவே கடைசிவரை புரட்டுகிறோம். காரணம் இருந்தால் எழுதுகிறோம். இல்லையெனில், வலிக்கிறது என்று ஒருவர் வந்து சொன்னார், மற்றொருவர் அதை நம்பி எழுதினார் என்பதே அந்த எண்ணின் பொருள் என்று கொள்கிறோம். அதைக் குப்பைக்கூடை என்று இன்று பிரிவில் எவரும் சொல்வதில்லை. சொன்னால் நாம் திருத்துகிறோம். எம் என்னும் அந்த ஆங்கில எழுத்தைத் தமிழில் எழுதினால் எங்களுடைய என்றும் பொருள்படும். அப்படிப் படிப்பதே நமக்குப் பொருத்தமாக இருக்கிறது.

துணைவியாரின் வலி முற்றும் நீங்கிவிட்டது என்று சொன்னால் அது கூட்டி எழுதுவதாகும். வட்டங்கள் அரிதாகிவிட்டன, கோடுகள் குறைந்திருக்கின்றன, புள்ளிகள் இருக்கின்றன. இந்த ஆண்டுக் காலண்டரில் குறியிடும் வேலையை நாம் ஏற்றிருக்கிறோம். இரவு உணவுக்குப் பின் பென்சிலை எடுத்துக்கொண்டு, இன்று எப்படி என்று கேட்கிறோம். அவர் சொல்கிறார். சொன்னதை எழுதுகிறோம்.